குத்து பிறப்பது குதிகாலில்



அனிமே என்ற ஜப்பானிய அசைவூட்டத் தொடர்களிலிருந்து பிறக்கும் மெய்நிகர் சண்டை விளையாட்டுகளைப் பற்றி இன்று பேச வந்திருக்கிறேன். வடசென்னையின் ராயபுரத்தில் பேசுவதற்கு இது ஒரு பொருளா என்று பெரியவர்கள் சிலருக்குத் தோன்றலாம். ராயபுரத்தில்தான் இதைப் பேச வேண்டும் என்பது என் கட்சி. அந்த விளையாட்டுகளில் என்ன இருக்கிறது? அவற்றுக்கும் இந்த மண்ணுக்கும் என்ன உறவு? நாம் செய்ய வேண்டியது என்ன? இந்த மூன்று கேள்விகளோடு உங்கள் முன் நிற்கிறேன்.

நம் வீட்டுப் பிள்ளைகள் அனிமே பார்க்கிறார்கள். ஒளித்து வைத்துப் பார்க்கவில்லை, தமிழிலேயே பார்க்கிறார்கள். ‘ஜுஜுட்சு கைசென்’ தமிழ்க் குரலில் கிடைக்கிறது. 2025 செப்டம்பரில் ‘டீமன் ஸ்லேயர்: இன்ஃபினிட்டி காசில்’ தமிழ் பேசிக்கொண்டே நம் திரையரங்குகளுக்கு வந்தது. டோக்கியோவில் வரைந்த ஒரு வாள்வீரன் தமிழில் சபதம் செய்கிறான். நம் பிள்ளை அதைக் கேட்டுக் கைதட்டுகிறான். இதைக் குறை சொல்ல நான் வரவில்லை. நல்ல கதை எந்தக் கரையிலிருந்து வந்தாலும் இறக்கிக்கொள்வது துறைமுகத்து மக்களின் வழக்கம்.

அந்தக் கதைகளில் ஒன்றை எடுத்துக்கொள்வோம். ‘அட்டாக் ஆன் டைட்டன்’. மனிதர்களைத் தின்னும் ராட்சதர்களுக்கு அஞ்சி, மிஞ்சிய மக்கள் மூன்று பெரும் மதில்களுக்குள் ஒடுங்கி வாழ்கிறார்கள். ஒரு நாள் மதில் உடைகிறது. இடுப்பில் கம்பி எறியும் கருவியைக் கட்டிக்கொண்டு, வாயுவின் விசையில் பறந்து, இரட்டைக் கத்தியால் ராட்சதனின் பிடரியை அறுக்கும் படை ஒன்று புறப்படுகிறது. ஹஜிமே இசயாமா என்ற இளைஞர் 2009இல், தம் 23ஆம் வயதில், இந்தப் படக்கதையைத் தொடங்கினார், 2021இல் முடித்தார். அனிமே வடிவம் 2013இல் தொடங்கி 2023இல் முடிந்தது.

இந்தக் கதையை ‘அட்டாக் ஆன் டைட்டன் விஆர்: அன்பிரேக்கபிள்’ என்ற மெய்நிகர் விளையாட்டாக ஆக்கப்போவதாக யூனிவர்ஸ் என்ற ஜப்பானிய நிறுவனம் அறிவித்தது. உலகமெங்கும் ரசிகர்கள் காத்திருந்தார்கள். முதலில் சொன்ன நாள் தள்ளிப்போனது. 2024இல், தலையில் மாட்டும் மெட்டா குவெஸ்ட் ஹெட்செட்டுகளுக்கு அது வந்தது. அதுவரை சோபாவில் சாய்ந்து, கட்டை விரலால் பொத்தானை அழுத்திப் பறந்தவர்கள், இப்போது எழுந்து நிற்க வேண்டியதாயிற்று. இரண்டு கையையும் வீச வேண்டும். கழுத்தைத் திருப்ப வேண்டும். அண்ணாந்து பார்த்தால் ராட்சதனின் முகம் மேலே தெரியும்.

இங்கேதான் ஒரு பெரிய மாற்றம் நடந்திருக்கிறது. வீடியோ கேம் என்றால் உடம்பை மறந்துவிட்டு ஆடுவது என்று இத்தனை காலம் நினைத்திருந்தோம். மெய்நிகர் விளையாட்டில் உடம்பு திரும்பி வந்துவிட்டது. உடம்பு வந்துவிட்டால், உடம்பை அறிந்தவர்களும் வர வேண்டும் அல்லவா? அவர்கள் எங்கே இருக்கிறார்கள்? அந்தக் கேள்விக்குப் போகும் முன், கருவியைக் கொஞ்சம் தெரிந்துகொள்வோம்.

ஹெட்செட்டுக்குள் கண்ணுக்கு முன்னால் திரை. ஒவ்வொரு கண்ணுக்கும் சற்றே வேறுபட்ட படம். அதனால் ஆழம் தெரிகிறது. வெளிப்புறத்தில் சிறு கேமராக்கள் இருக்கின்றன. அவை அறையைப் பார்த்து, தலை எங்கே இருக்கிறது, கைப்பிடிகள் எங்கே இருக்கின்றன என்று இடைவிடாமல் கணக்குப் போடுகின்றன. நொடிக்கு 90 படம் என்றால் ஒரு படத்துக்குக் கிடைக்கும் நேரம் 11 மில்லி நொடி. நீங்கள் தலையைத் திருப்பியதும் காட்சியும் திரும்ப வேண்டும். அதில் 20 மில்லி நொடிக்கு மேல் தாமதம் கூடாது என்பது இந்தத் தொழிலில் எல்லோரும் ஒப்புக்கொண்ட அளவு. தாமதித்தால் தலை சுற்றும்.

தாமதம் இல்லாவிட்டாலும் சிலருக்குத் தலை சுற்றுகிறது. ஏன்? காசிமேட்டு மீனவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. முதல் தடவை விசைப்படகில் ஏறியவர் உள்ளே தலையைக் கவிழ்த்துக்கொண்டு உட்கார்ந்தால் குமட்டும். உள்காது அசைவை உணர்கிறது. கண்ணோ எதிரே அசையாத பலகையைப் பார்க்கிறது. இரண்டுக்கும் தகராறு. வெளியே வா, தொடுவானத்தைப் பார் என்று அனுபவசாலி சொல்வார். ஹெட்செட்டில் அதே தகராறு தலைகீழாக நடக்கிறது. கண் பறக்கிறது, காது நின்ற இடத்திலேயே நிற்கிறது. அதனால்தான் கம்பியைப் பற்றிக்கொண்டு பறக்கும் விளையாட்டைச் செய்வது கடினம். பறக்கும்போது காட்சியின் ஓரங்களை இருட்டாக்குவார்கள். கண்ணுக்குப் பிடிமானமாக அசையாத சட்டம் ஒன்றை வைப்பார்கள். இப்படி எத்தனையோ உபாயம்.

ஆனால் ஒரு விளையாட்டுக்கு இந்தத் தொல்லை மிகக் குறைவு. எது? குத்துச்சண்டை.

ஏன் குத்துச்சண்டை? வளையம் சின்னது. பறக்க வேண்டாம், ஓட வேண்டாம். உங்கள் காலாலேயே நீங்கள் நகர்கிறீர்கள். கண்ணும் காதும் ஒரே செய்தியைச் சொல்கின்றன. ‘தி த்ரில் ஆஃப் தி ஃபைட்’ என்ற விளையாட்டு 2016இல் வந்தது. ‘ராக்கி’ படங்களின் வழிவந்த ‘கிரீட்’ படத்தை ஒட்டி 2018இல் இன்னொன்று வந்தது. இவற்றில் எதிராளியின் குத்துக்குத் தலையைத் தாழ்த்த வேண்டும். கையை இறக்கினால் வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டும். ஆடியவர்கள் வியர்த்து நனைகிறார்கள். எதிரே யாரும் இல்லாத இடத்தில், ஆள் இருப்பதாக எண்ணிக் குத்துவதும் குனிவதும் விலகுவதும் நமக்குப் புதிதா? ஷேடோ பாக்சிங் என்று நம் வாத்தியார்கள் விடிகாலையில் கற்றுக்கொடுத்தது அதுதானே? நம் பிள்ளை மனத்தில் கண்ட எதிராளியைக் கருவி கண்ணில் காட்டுகிறது. வேறு என்ன?

இப்போது உங்களை ஜப்பானுக்கு இன்னொரு முறை அழைத்துப் போகிறேன். ‘அஷிதா நோ ஜோ’ என்று ஒரு படக்கதை. அசாவோ தகாமோரி என்ற பெயரில் இக்கி கஜிவாரா எழுத, தெத்சுயா சிபா வரைந்தார். 1968இல் வார இதழில் தொடங்கி 1973இல் முடிந்தது. 1970இல் அனிமே தொடராக வந்தது. இயக்கியவர் ஒசாமு தெசாகி. கதை நடப்பது எங்கே? டோக்கியோவில் சான்யா என்ற பகுதி. அன்றாடக் கூலிகள் தங்கும் மலிவு விடுதிகள் நிறைந்த இடம். அங்கே திக்கற்று வந்து சேர்கிறான் ஜோ என்ற இளைஞன். குடித்துக் குடித்து வாழ்வைத் தொலைத்த பழைய குத்துச்சண்டை வீரர் தன்பெய் அவனைக் கண்டெடுக்கிறார். ஒரு பாலத்தடியில் குடிசை போட்டு அதையே பயிற்சிக் கூடம் ஆக்குகிறார்.

ஜோ சிறார் சிறைக்குப் போகிறான். வாத்தியார் வெளியே, சீடன் உள்ளே. தன்பெய் என்ன செய்கிறார்? தபால் அட்டை எழுதுகிறார். முதல் அட்டையில் முதல் பாடம்: ஜாப். முழங்கையை விலாவோடு ஒட்டி வைத்துக்கொண்டு எப்படிக் குத்த வேண்டும் என்று எழுத்திலேயே சொல்கிறார். கதையில் அந்த அட்டையை எள்ளிய பையன், பிறகு அதன்படியே குத்திப் பார்த்து அதன் வலிமையை உணர்கிறான். எவ்வளவு தூரத்தில் இருந்தாலும் வாத்தியாரின் சொல் சீடனின் முழங்கைக்குப் போய்ச் சேரும் என்பதை அந்தக் காட்சி காட்டியது.

அந்தக் கதையில் ரிகிஇஷி என்ற எதிராளி வருகிறான். ஜோவோடு மோதுவதற்காகவே உடம்பை வருத்தி, தண்ணீரைக்கூட ஒதுக்கி எடையைக் குறைத்து வளையத்தில் இறங்குகிறான், ஜெயிக்கிறான், செத்துப்போகிறான். 1970 மார்ச் மாதம் டோக்கியோவில் அந்தக் கற்பனைப் பாத்திரத்துக்கு உண்மையிலேயே இறுதிச் சடங்கு நடந்தது. முன்னின்று நடத்தியவர் கவிஞர் ஷுஜி தெராயமா. நூற்றுக்கணக்கானோர் வந்து அஞ்சலி செலுத்தினார்கள். கூலிக்காரர்களின் கதையை ஒரு தேசமே தன் கதையாக ஏற்றுக்கொண்டது.

பாலத்தடியில் பயிற்சி, பாழாய்ப்போன வாத்தியார், கூலி வேலைக்குப் போகும் சீடன்: இதைக் கேட்கும்போது உங்களுக்கு யார் ஞாபகம் வருகிறார்கள்? சொல்லுங்கள். ஜப்பானா ஞாபகம் வருகிறது? நம் தெரு அல்லவா ஞாபகம் வருகிறது!

இந்த மண்ணுக்குக் குத்துச்சண்டை வெள்ளைக்காரப் படைவீரர்களோடும் ஆங்கிலோ இந்தியர்களோடும் வந்தது. வந்த விளையாட்டை நம் துறைமுகத் தொழிலாளியும் மில் தொழிலாளியும் மீனவரும் தமதாக்கிக்கொண்டார்கள். சார்பட்டா பரம்பரை, இடியப்ப நாயக்கர் பரம்பரை, எல்லப்ப செட்டியார் பரம்பரை என்று குழுக்களாகப் பிரிந்து, பேர் சொல்லி மோதினார்கள். கித்தேரி முத்து என்ற குத்துச்சண்டை வீரரின் பேரைச் சொன்னால் இன்றைக்கும் நிமிர்ந்து உட்காரும் பெரியவர்கள் இந்த அரங்கில் இருக்கிறார்கள். முகமது அலி 1980இல் சென்னைக்கு வந்து நேரு விளையாட்டரங்கில் ஜிம்மி எல்லிஸோடு காட்சிப் போட்டி ஆடியபோது, அந்த மாபெரும் வீரரின் கால் எப்படி நகர்கிறது என்று கவனித்துப் பார்க்கத் தெரிந்த ஊராக இந்த ஊர் இருந்தது. 2021இல் பா. ரஞ்சித்தின் ‘சார்பட்டா பரம்பரை’ திரைப்படம் வந்தபோதுதான் உலகம் இதைத் தெரிந்துகொண்டது. அதன் பாத்திரங்களான கபிலனும் ரங்கன் வாத்தியாரும் வேம்புலியும் டான்சிங் ரோஸும் வீடு வீடாக நுழைந்தார்கள்.

டான்சிங் ரோஸை மட்டும் ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். அந்தப் பாத்திரத்தை ஏன் மறக்க முடியவில்லை? கையாலா? காலால்! இங்கேதான் என் பேச்சின் மையத்துக்கு வருகிறேன்.

இன்றைக்குக் கடையில் கிடைக்கும் ஹெட்செட்டுக்கு எது தெரியும்? தலை தெரியும். இரண்டு கை தெரியும். இடுப்பைத் திடமாக அறியாது. காலைப் பெரும்பாலும் ஊகிக்கிறது. குத்து எங்கே பிறக்கிறது என்று எந்த வாத்தியாரையாவது கேளுங்கள். குதிகாலில் பிறக்கிறது, முழங்காலில் ஏறுகிறது, இடுப்பில் திரும்புகிறது, தோளில் சேர்கிறது, முஷ்டியில் வெடிக்கிறது. கருவிக்குத் தெரிவது கடைசிக் கட்டம் மட்டும். கையின் வேகத்தையும் பட்ட இடத்தையும் கொண்டு அது மதிப்பெண் போடுகிறது. வாத்தியார் சீடனின் பாதத்தைப் பார்த்தே, இந்தக் குத்தில் சத்து இல்லை என்று சொல்லிவிடுவார்.

ஆகவே, நல்ல குத்துச்சண்டை விளையாட்டைச் செய்ய யார் வேண்டும்? நிரல் எழுதத் தெரிந்தவர் வேண்டும். படம் வரையத் தெரிந்தவர் வேண்டும். அவர்களோடு வாத்தியாரும் வேண்டும்! காற்றில் முழுவீச்சில் குத்தினால் முழங்கை மூட்டு நோகும், கையை முழுக்க நீட்டி விறைக்காதே என்று சொல்ல அவர் வேண்டும். எதிராளி சோர்ந்தால் எந்தக் கை முதலில் இறங்கும் என்று சொல்ல அவர் வேண்டும். அடிவாங்கிய பிறகு மூச்சு எப்படி மாறும் என்று சொல்ல அவர் வேண்டும். இந்த அறிவு புத்தகத்தில் இல்லை. இந்த அரங்கில் மூன்றாம் வரிசையில் இருக்கிறது, நான்காம் வரிசையில் இருக்கிறது.

உடம்பைப் பதிவு செய்யும் தொழில்நுட்பம் தமிழ்நாட்டுக்குப் புதிதும் அல்ல. நடிகரின் அசைவைப் பதிந்து உருவத்துக்கு ஏற்றும் முறையில் ‘கோச்சடையான்’ படம் 2014இலேயே வந்தது. தமிழ்க் குடும்பத்தின் கதையை விளையாட்டாக்க முடியுமா என்ற சந்தேகம் யாருக்காவது இருந்தால், அதையும் ‘வெண்பா’ தீர்த்துவிட்டது. கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்த் தாயின் சமையலறையே அந்த விளையாட்டின் களம். டொரன்டோவின் விசாய் கேம்ஸ் 2023இல் அதை வெளியிட்டது. இட்லி ஊற்றுவதும் பிரியாணி செய்வதும்தான் ஆட்டம். 2024இல் சிறந்த முதல் விளையாட்டுக்கான பாஃப்டா விருது அதற்குக் கிடைத்தது. இட்லிக்கு விருது வாங்கித் தரத் தெரிந்தவர்களுக்கு ராயபுரத்தின் இடதுகைக் குத்துக்கு விருது வாங்கித் தரத் தெரியாதா?

தம்பிகளே, தங்கைகளே, இன்னொன்றையும் யோசியுங்கள். நாம் செய்யாவிட்டால் வேறு யாராவது செய்வார்கள். எப்படிச் செய்வார்கள்? பல படங்களில் நம்மைப் பார்த்தோமே, அப்படிச் செய்வார்கள். வடசென்னை என்றால் இருட்டுச் சந்து, அரிவாள், ரவுடி. ஹெட்செட்டை மாட்டியவன் நம் தெருவில் இறங்கி நம் முகம் உள்ளவர்களைச் சுட்டுத் தள்ளுவான். அதற்கு மதிப்பெண் கிடைக்கும். வியாசர்பாடியின் கால்பந்து அதில் இருக்காது. 2024இல் அமெரிக்காவில் நடந்த உலக கேரம் போட்டியில் மூன்று தங்கம் வென்ற நம் காசிமா அதில் இருக்க மாட்டார். தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856இல் புறப்பட்ட ராயபுரம் நிலையம், சண்டைக்கு ஒரு பின்னணிச் சுவராக மட்டும் நிற்கும். அதை ஏற்றுக்கொள்ளப் போகிறோமா?

இசயாமாவின் மதில் எங்கிருந்து வந்தது தெரியுமா? ஓய்ட்டா மாகாணத்தில், மலைகள் சூழ்ந்த ஓயாமா என்ற சிற்றூரில் வளர்ந்தவர் அவர். நாலாபுறமும் மலை. மலைக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று ஏங்கிய சிறுவனின் மனத்தில் அந்த மலையே மதிலாக எழுந்தது. 2020இல் அவ்வூர் அணையின் கீழே கதையின் மூன்று பாத்திரங்களுக்குச் சிலை வைத்தார்கள். மூன்று குழந்தைகளும் அணைச்சுவரை அண்ணாந்து பார்த்து நிற்கிறார்கள். உலகத்தின் பல மூலைகளிலிருந்து ரசிகர்கள் அந்த ஊருக்குப் போகிறார்கள்.

எண்ணூரில் ஒரு பெண் குழந்தை காலையில் எழுந்ததும் எதைப் பார்க்கிறாள்? அனல் மின் நிலையத்தின் புகைபோக்கிகளைப் பார்க்கிறாள். கொசஸ்தலை ஆற்றில் படிந்த சாம்பலைப் பார்க்கிறாள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் வந்து கழிமுகத்தில் பரவியபோது, வலை போட்ட கையாலேயே மீனவர்கள் அந்த எண்ணெயை அள்ளியதைப் பார்த்தவள் அவள். அதே மாதக் கடைசியில் அம்மோனியா கசிந்தபோது நள்ளிரவில் வீட்டை விட்டு ஓடிய பெரியகுப்பத்துப் பிள்ளைகள் அவளோடு படிக்கிறார்கள். ராட்சதன் எப்படி இருப்பான் என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மலை பார்த்த சிறுவனால் மதில் கட்ட முடிந்தது என்றால், இந்தக் குழந்தையால் எத்தனை பெரிய கதை கட்ட முடியும்!

அதே கழிமுகத்தில் இருளர் மக்கள் இறால் பிடிப்பதைப் பார்த்திருப்பீர்கள். இடுப்பளவு தண்ணீரில் இறங்கி, கலங்கிய சேற்றில் கையால் தடவி இறாலைப் பிடிப்பார்கள். பிடித்ததைப் போடுகிற பறியைப் பல்லால் கவ்விக்கொண்டிருப்பார்கள். கண்ணுக்குத் தெரியாததை விரலால் அறியும் வித்தை அது. கைப்பிடியின் அதிர்வைக் கொண்டு தொடுகையை உணர்த்தும் மெய்நிகர் விளையாட்டுக்கு இதைவிட நல்ல களம் எங்கே கிடைக்கும்? சண்டை விளையாட்டில் சண்டை மட்டும்தான் இருக்க வேண்டுமா? பிழைப்பும் ஒரு போராட்டம்தானே?

சரி, செய்ய வேண்டியது என்ன? நான்கு காரியங்களைச் சொல்கிறேன்.

முதல் காரியம், பதிவு. ஒவ்வொரு பரம்பரையிலும் எஞ்சியிருக்கும் பெரியவர்களின் நிற்கும் வாகையும் கால் அடியையும் தோள் திருப்பத்தையும் படம் பிடியுங்கள். முன்னாலிருந்து ஒரு கைபேசி, பக்கவாட்டிலிருந்து ஒன்று, பாதத்துக்கு ஒன்று. பெரிய ஸ்டூடியோ வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். பெரியவர்கள் அதுவரை காத்திருக்க முடியாது.

இரண்டாவது, படிப்பு. முப்பரிமாண உருவம் வரையும் பிளெண்டர் இலவசம். விளையாட்டு உருவாக்கும் கோடோ இலவசம். அதே வேலைக்கான யூனிட்டியும் அன்ரியலும் கற்பவர்களுக்குக் காசு கேட்பதில்லை. இரவில் விளையாடும் நேரத்தில் பாதியைக் கற்கக் கொடுங்கள். போதும்.

மூன்றாவது, பொதுக் கருவி. ஹெட்செட் வாங்குவது எல்லா வீட்டுக்கும் இயலாது. வட சென்னை வளர்ச்சித் திட்டத்தில் கட்டடங்கள் எழுகின்றன. கொளத்தூரில் 2024இல், படிக்கவும் வேலை செய்யவும் ஏற்ற பொது இடமாக முதல்வர் படைப்பகம் திறக்கப்பட்டது. இந்தப் பகுதியின் நூலகங்களிலும் படைப்பகங்களிலும் நான்கு ஹெட்செட்டும், அவற்றுக்கு ஏற்ற கணினியும், தடுக்கி விழாமல் ஆட ஒரு காலி அறையும் வேண்டும் என்று நாம் கேட்க வேண்டும். பெற்றோர்களே, பத்து வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு மெட்டா நிறுவனமே தன் ஹெட்செட்டை அனுமதிப்பதில்லை. பெரிய பிள்ளைகளும் இடைவெளி விட்டு ஆட வேண்டும். அதற்கும் பெரியவர் ஒருவர் கூடவே இருக்கும் பொது இடம்தான் நல்லது.

நான்காவது காரியம் மிக முக்கியம்: உரிமை. ஒரு வாத்தியாரின் அசைவைப் பதிந்துவிட்டால் அது எண்களாக எங்கேயும் போகலாம், யாரும் விற்கலாம். அமெரிக்காவில் விளையாட்டுகளுக்குக் குரலும் அசைவும் கொடுக்கும் கலைஞர்கள் 2024 ஜூலையில் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். எங்கள் அனுமதி இல்லாமல் எங்கள் உடம்பின் அசைவைச் செயற்கை நுண்ணறிவுக்குத் தீனியாக்காதே என்பது அவர்கள் கோரிக்கை. ஏறத்தாழ ஒரு வருடம் போராடி ஒப்பந்தம் வாங்கினார்கள். தொழிற்சங்கத்தின் அருமை இந்த மண்ணுக்குத் தெரியும். ஆகவே முதல் பதிவுக்கு முன்பே எழுத்தில் எழுதுங்கள்: அசைவு யாருடையது, பங்கு எவ்வளவு, எதற்குப் பயன்படுத்தலாம், எதற்குக் கூடாது. பேர் கட்டாயம் வர வேண்டும். காசும் கட்டாயம் வர வேண்டும்.

நண்பர்களே, ஜப்பானின் கூலிக்காரத் தெரு உலகக் கதையானது அங்கே மேலான மனிதர்கள் வாழ்ந்ததால் அல்ல. அந்தத் தெருவை மதித்து எழுதவும் வரையவும் ஆள் இருந்ததால். நம்மிடம் தெரு இருக்கிறது. வளையம் இருந்தது, இன்றும் சில இடங்களில் இருக்கிறது. வாத்தியார்கள் இருக்கிறார்கள். கணினி படித்த பிள்ளைகள் ஒவ்வொரு வீட்டிலும் இருக்கிறார்கள். வாத்தியார்களும் இந்தப் பிள்ளைகளும் ஒரே தெருவில் வாழ்ந்தும் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்வதில்லை. அந்தப் பேச்சு இன்று இந்த அரங்கிலேயே தொடங்க வேண்டும்.

கூட்டம் முடிந்ததும் கலைந்துவிடாதீர்கள். ஒவ்வொரு மாணவரும் ஒரு பெரியவரிடம் போங்கள். ஐயா, உங்கள் கால் அடியை எனக்குக் காட்டுங்கள், நான் பதிந்துகொள்ளலாமா என்று அனுமதி கேளுங்கள். பெரியவர்களே, பிள்ளைகள் கேட்டால் மறுக்காதீர்கள்; அந்த நாற்காலிகளை ஓரமாகத் தள்ளிவிட்டு எழுந்து நின்று காட்டுங்கள். அடுத்து வரும் குத்துச்சண்டை விளையாட்டில் உலகம் கற்றுக்கொள்ளும் முதல் அடி இந்த ராயபுரத்து அடியாக இருக்கட்டும்!